எண்ணெய்க்காரர் சொன்னது

அந்த நாளில் படங்களுக்குக் குரல் கிடையாது. திரையில் ஆட்கள் வருவார்கள், போவார்கள், வாயைத் திறந்து மூடுவார்கள். ஒரு சத்தமும் வராது. அதனால் திரைக்குப் பக்கத்தில் ஒருவன் நின்றுகொண்டு, இது இன்ன தெரு, இவர் இன்னார், இதோ குதிரை வண்டி வரப்போகிறது என்று சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். எங்கள் கூட்டத்தில் அந்த வேலை என்னுடையது. அக்காவின் கணவர், அதாவது என் அத்தான், படம் பிடிப்பார். அக்கா படச் சுருளைக் கழுவிக் காயவைத்து ஒட்டுவாள். நான் பேசுவேன். பிறந்ததிலிருந்து வாய் சும்மா இருக்காத எனக்கு இதைவிடப் பொருத்தமான பிழைப்பு அமையாது என்று அக்கா சொல்வாள். அதை அவள் ஒரு நாளும் பாராட்டாகச் சொன்னதில்லை.

நாங்கள் கதைப்படம் எடுக்கிறவர்கள் இல்லை. ஊர் ஊராகப் போய், அங்கே தினம் நடப்பதை அப்படியே பிடிப்போம். சந்தை கூடுவது, ரயில் வந்து நிற்பது, பள்ளிக்கூடம் விடுவது. மறுநாளே அதை அந்த ஊர்க்காரர்களுக்குக் காட்டுவோம். தன் மூஞ்சியைத் திரையில் பார்க்க ஆசைப்படாத மனிதர் யார்? படத்தில் எத்தனை முகமோ, கொட்டகையில் அத்தனை தலை. ஆகவே ஆலை வாசலை மட்டும் நாங்கள் விடவே மாட்டோம். சங்கு ஊதியதும் முந்நூறு நானூறு பேர் ஒரே வாசல் வழியாகக் கொட்டுவார்கள். அத்தான் எதிரே படப் பெட்டியை நிறுத்திக் கைப்பிடியைச் சுற்றினால் போதும்.

என் பங்குக்கு நான் ஒரு சரக்கு வைத்திருந்தேன். படத்தில் யாராவது வாயைத் திறந்தால் அவருக்கு நான் ஒரு வசனம் வைப்பேன். தொப்பை போலீஸ்காரர் கொட்டாவி விட்டால், "இன்னும் எவ்வளவு நேரம்டா நிக்கிறது" என்பேன். இரண்டு பெண்கள் குசுகுசுத்தால், அவர்கள் பேசுவது யார் வீட்டுச் சங்கதி என்று நானே இட்டுக்கட்டிச் சொல்வேன். கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். படம் பிடித்த இடத்தில் கூவிச் சொல்லும் தகரக் குழலோடு நின்றவன் நான் என்பது எல்லோருக்கும் தெரியும். பக்கத்தில் நின்று கேட்டவன் சொல்கிறான் என்றே பாதிப் பேர் நம்பினார்கள். அதை நான் ஒரு வேடிக்கையாகத்தான் நினைத்திருந்தேன். மடையன்.

அந்த ஊரில் இருந்தது ஒரு நூலாலை. சனிக்கிழமை அரைநாள் வேலை. பகல் பன்னிரண்டு மணிக்கு ஆள் விடும்போது படம் பிடிக்க மேலாளர் அனுமதி கொடுத்தார். வாரம் முழுக்கப் படம் காட்டிக்கொள்ள ஆலைக்குள்ளேயே ஒரு பழைய கிடங்கையும் ஒழித்துக் கொடுத்தார். நல்ல மனிதர் என்று நினைத்தோம்.

எங்கள் பெட்டியில் ஒரு நேரத்தில் ஒரு நிமிடச் சுருள்தான் கொள்ளும். சங்கு ஊதியது, கதவு திறந்தது, அத்தான் சுற்றத் தொடங்கினார். ஆரம்பம் நன்றாகத்தான் இருந்தது. போகப் போக முன்னால் வந்தவர்கள் நடப்பதை விட்டுவிட்டுப் பெட்டியைப் பார்த்தபடி நின்றுவிட்டார்கள். பின்னால் வந்தவர்கள் அவர்கள் மேல் வந்து மோதினார்கள். ஒருவர் தொப்பியைக் கழற்றி ஆட்டினார். அத்தானுக்கு மூக்கு மேல் கோபம். இன்னொரு சுருள் போடலாம், எல்லோரையும் உள்ளே அனுப்பி மறுபடி வரச் சொல் என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார். சுற்றுவதை நிறுத்தவில்லை. சுருளில் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

நான் குழலை வாயில் வைத்துக் கத்தினேன். பக்கத்துச் சந்து வழியாக பாய்லர் முற்றத்துக்குள் நுழைந்து, ஆலையைச் சுற்றி, மறுபடி இதே வாசலில் வர வேண்டும், இந்த முறை யாரும் பெட்டியைப் பார்க்கக் கூடாது என்று சொன்னேன். அவர்களுக்கு அது திருவிழாவாகிவிட்டது. சிரித்துக்கொண்டே சந்துக்குள் ஓடினார்கள்.

அப்போது வாசலில் கடைசியாக மூன்று பேர் வந்தார்கள். இடப்பக்கம் ஒரு நெட்டையர், வலப்பக்கம் ஒரு குட்டையர், நடுவில் ஆலை யந்திரங்களுக்கெல்லாம் எண்ணெய் விடும் எண்ணெய்க்காரர். சட்டையில் அங்கங்கே கறுப்புத் திட்டு. அவர் நேராக என்னைப் பார்த்து வாயைத் திறந்து ஏதோ சொன்னார். அதோடு சுருள் தீர்ந்தது.

அவர் சொன்னது என் காதில் நன்றாக விழுந்தது. அதைப் பிறகு சொல்கிறேன். நெட்டையரும் குட்டையரும் சந்துப் பக்கம் நடந்துவிட்டார்கள். இவர் மட்டும் போக மனமில்லாமல் நின்றார். நான் விடுவேனா? கையைப் பிடித்துக்கொண்டேன். ஒரே ஒரு நிமிடம் அண்ணே, இந்தப் படத்தில் வந்துவிட்டால் நீங்கள் காலத்துக்கும் இருப்பீர்கள் என்றேன். அவர் வெட்கப்பட்டுச் சிரித்தார். பிறகு மற்றவர்களைப் பிடிக்கச் சந்துக்குள் வேகமாகப் போனார். முந்நூறு பேர் போய்விட்ட பிறகு கடைசியாக நுழைந்தவர் அவர்தான்.

இரண்டாவது சுருள் கண்ணாடி போல வந்தது. ஒருவர்கூடப் பெட்டியைப் பார்க்கவில்லை. அக்கா இரண்டையும் கழுவிப் பார்த்துவிட்டு, முதல் சுருளிலும் நல்ல முகங்கள் இருக்கின்றன, ஏன் வீணாக்க வேண்டும் என்று ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டிவிட்டாள். எல்லோரும் இரண்டு முறை வருவார்கள், வந்தால் என்ன, இரண்டு முறை சந்தோஷப்படட்டும் என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை முதல் காட்சி. கிடங்கில் எள் போட இடமில்லை. ஒவ்வொரு முகத்துக்கும் ஒரு கூச்சல், ஒரு சீழ்க்கை. எண்ணெய்க்காரர் முகம் வந்தது. திரையில் ஆள் உயரத்துக்கு வந்து, நேராகப் பார்த்து, வாயைத் திறந்தார். அவர் அவசரமாக வீட்டுக்குப் போக நினைத்தவர் என்பது எனக்குத் தெரியும். அதையே தலைகீழாகத் திருப்பினால் வேடிக்கையாக இருக்கும் என்று தோன்றியது. வீட்டுக்காரிக்குப் பயந்த ஆள் மாதிரி குரலை இழுத்து, "நான் இனிமே வீட்டுக்குப் போகமாட்டேன்டா சாமி" என்றேன்.

கிடங்கே அதிர்ந்தது. மேலாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். அன்றைக்கு அதிகச் சிரிப்பு வாங்கிய வசனம் அதுதான். எண்ணெய்க்காரர் சனிக்கிழமை பகலிலிருந்து வீட்டுக்கு வரவில்லை என்பது எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. அவர் மனைவி அந்த நேரத்தில் அவரைத் தேடி ஆற்றங்கரையில் நின்றிருந்தாள்.

திங்கட்கிழமை காலையில்தான் விஷயம் வெளியே வந்தது. அவள் ஆலைக்கு வந்து, என் வீட்டுக்காரர் வெளியே வரவே இல்லை, உள்ளே தேடிப் பாருங்கள் என்று அழுதிருக்கிறாள். மேலாளர் மிகவும் பொறுமையாகப் பதில் சொன்னாராம். உன் புருஷன் வாசல் வழியாக வெளியே வந்ததை ஊரே பார்த்தது, படம் சாட்சி, இனிமேல் வீட்டுக்குப் போகமாட்டேன் என்று அவன் வாயாலேயே சொல்லிவிட்டுப் போயிருக்கிறான், அதற்கும் படம் சாட்சி என்றாராம். வேலையை விட்டு ஓடியவன் குடும்பத்துக்கு ஆலை வீடு கிடையாது, வெள்ளிக்கிழமைக்குள் காலி செய் என்றும் சொல்லிவிட்டார்.

இதைக் கேட்டதும் அத்தானிடம் ஓடினேன். அந்த ஆளை உள்ளே திருப்பி அனுப்பியது நான்தான், அவர் சொன்னதும் அது இல்லை, போய் மேலாளரிடம் சொல்லிவிடலாம் என்றேன். அத்தான் விளக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே கேட்டார். உள்ளே போனவர் இரண்டாவது முறையும் வெளியே வந்து, அப்படியே எங்காவது போயிருக்கலாம் இல்லையா என்றார். இருக்கலாம் என்றேன். அப்படியென்றால் நீ எதற்கு வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்கிறாய் என்றார். நாளைக்கு ஏதாவது ஆகியிருந்தால் உள்ளே அனுப்பினது யார் என்று கேட்பார்கள், நம்மைத்தான் பிடிப்பார்கள் என்றார். பிறகு அவர் சொன்னதை நான் மறக்கவில்லை.

"வாழ்க்கைல ஒரு தடவையாவது வாய மூடிக்கிட்டு இரு."

மூடிக்கொண்டேன். பேசக் கூடாத இடத்தில் பேசியவன், பேச வேண்டிய இடத்தில் வாயை மூடிக்கொண்டேன். அன்றைக்கு மாலைக் காட்சியில் எண்ணெய்க்காரர் முகம் வந்தபோது நான் வேறு ஏதோ சொல்லிச் சமாளிக்கலாம் என்றிருந்தேன். அதற்குள் முன்வரிசையில் பத்துப் பதினைந்து பேர் என்னை முந்திக்கொண்டு அந்த வசனத்தைச் சொன்னார்கள்.

செவ்வாய்க்கிழமை அவளே வந்துவிட்டாள். யாரும் சொல்லாமலே எனக்குத் தெரிந்துவிட்டது, ஏனென்றால் அவளைச் சுற்றி ஒரு கை அகலத்துக்கு யாரும் உட்காரவில்லை. முப்பது வயது இருக்கலாம். சுவரோரம் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டினோம். படம் ஓடத் தொடங்கியது. நான் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசவில்லை என்பதை யாரும் கவனிக்கவும் இல்லை. நெட்டையர், குட்டையர், நடுவில் அவர். திரையில் அவர் வாய் திறந்தது.

கிடங்கில் இருந்த அத்தனை பேரும் ஒரே குரலில் சொன்னார்கள், நான் இனிமே வீட்டுக்குப் போகமாட்டேன்டா சாமி.

இருட்டில் முந்நூறு பேர். ஆண் குரல், பெண் குரல், இருமல் குரல் எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து, அந்த ஒரு வாய்க்குள்ளிருந்து வந்த மாதிரி இருந்தது. அவர் உதடு மூடும்போது அவர்களும் சரியாக நிறுத்தினார்கள். யாரும் சிரிக்கவில்லை. அவள் இருப்பது தெரிந்தபின் எப்படிச் சிரிப்பார்கள்? ஆனால் சொல்லாமல் இருக்கவும் அவர்களால் முடியவில்லை. நான் பெற்ற பிள்ளை மாதிரியான அந்த வசனம் என்னைத் தெரியாதது போல எழுந்து நடந்து போகிறது.

காட்சி முடிந்து கூட்டம் கலைந்த பிறகு அவள் என்னிடம் வந்தாள். அழவில்லை. படத்தை அந்த இடத்தில் கொஞ்ச நேரம் நிறுத்த முடியுமா என்று கேட்டாள். முடியாதும்மா, நிறுத்தினால் விளக்குச் சூட்டில் படம் பொசுங்கிவிடும் என்று அத்தான் சொன்னார். அவள் தலையை ஆட்டினாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"அண்ணே, நீங்க பக்கத்துல நின்னீங்கன்னு சொன்னாங்க. அவரு நெஜமாவே அப்படித்தான் சொன்னாரா?"

கூட்டச் சத்தம் அதிகம், காதில் சரியாக விழவில்லை என்று மென்று முழுங்கினேன். விழாததை எப்படி எல்லோருக்கும் எடுத்துச் சொன்னாய் என்று அவள் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அங்கேயே உண்மையைக் கொட்டியிருப்பேன். ஒரு நிமிடம் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுப் போய்விட்டாள்.

புதன்கிழமை மத்தியானம் நாங்கள் தங்கியிருந்த அறைக்கு வந்தாள். அக்காவிடம் ஒன்று கேட்க வேண்டும் என்றாள். ஓடுகிற படத்தில் அவர் வந்த வேகத்தில் போய்விடுகிறார், அந்தச் சுருளைக் கையில் கொடுத்தால் ஆற அமரப் பார்த்துவிட்டுத் தருகிறேன் என்றாள். அக்கா யாருக்கும் சுருளைத் தொடக் கொடுக்க மாட்டாள். ஆனால் அன்றைக்குப் பெட்டியைத் திறந்து, சுருளைப் பிரித்து, சன்னல் வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, பூதக்கண்ணாடியையும் அவள் கையில் கொடுத்தாள்.

சுருளில் வரிசையாகச் சின்னச் சின்னப் படக் கட்டங்கள், ஒரு கட்டத்துக்கு அடுத்த கட்டம் கால் அங்குலம்கூட நகராத மனிதர்கள். அவள் முதல் சுருளில் அவர் இருந்த கட்டங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். வாய் மூடியிருந்தது, கொஞ்சம் திறந்தது, நன்றாகத் திறந்தது. பிறகு ஒட்டு. ஒட்டுக்குப் பிறகு கதவு மறுபடி திறந்தது. அவள் நிறுத்தாமல் பார்த்துக்கொண்டே போனாள். அக்கா சுருளை நகர்த்திக்கொண்டே இருந்தாள். நான் வாசற்படியில் நின்றேன், உள்ளே வரவும் தைரியம் இல்லை, போகவும் கால் வரவில்லை. அரைமணி நேரம் ஆகியிருக்கும். அவள் கை நின்றது.

எல்லோரும் இரண்டு முறை வருகிறார்கள், இவர் மட்டும் ஏன் ஒரு முறை என்று கேட்டாள். கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் அக்காவைப் பக்கத்தில் இழுத்து ஒரு இடத்தைக் காட்டினாள். அக்கா குனிந்து பார்த்தாள். நிமிர்ந்து என்னைக் கூப்பிட்டாள்.

கண்ணாடியில் பார்த்தேன். இரண்டாவது சுருள். வாசலில் கூட்டம் தோளோடு தோள் இடித்துக்கொண்டு வருகிறது, விரல் நுழைய இடமில்லை. அதன் கடைசி வரிசையில் நெட்டையரும் குட்டையரும். இருவருக்கும் இடையில் ஓர் ஆள் அகலத்துக்கு இடைவெளி. பக்கத்தில் இடிபடுகிறவர்கள் யாரும் அதில் நுழையவில்லை. அடுத்த கட்டம், அதற்கடுத்த கட்டம், இருவரும் நடக்க நடக்க அந்த இடைவெளியும் அவர்களோடு கூடவே நடந்து வருகிறது. வாசலைத் தாண்டும்போது நெட்டையர் தலையைச் சாய்த்து, அந்தக் காலி இடத்தைப் பார்த்து, ஏதோ சொல்கிறார்.

மூன்று நாளாக அந்தப் படத்துக்குப் பக்கத்திலேயே நின்றிருக்கிறேன். ஒரு முறைகூட அதைப் பார்த்ததில்லை.

"அந்த உயரமானவரு யார்கிட்ட பேசுறாரு, அண்ணே?"

அக்கா என் முகத்தைப் பார்த்தாள். அவளுக்கு என்னைச் சின்ன வயதிலிருந்து தெரியும். எதையோ உடைத்துவிட்டு ஒளித்து வைத்திருக்கிறேன் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. அவள் சுருளை மெதுவாகச் சுற்றி வைத்தாள். நெட்டையரிடமே கேட்டாயா அம்மா என்று விசாரித்தாள். கேட்டேன், எனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்றாள். எழுந்து நின்று, எங்கள் இரண்டு பேருக்கும் பொதுவாகச் சொன்னாள்.

"வெள்ளிக்கிழமை எங்கண்ணன் வந்து என்னைக் கூட்டிட்டுப் போயிடுவாரு. என் வீட்டுக்காரரு ஓடிப்போனவருன்னா நான் போயிடுறேன். இல்லன்னா அவர விட்டுட்டு நான் எங்கயும் போகமாட்டேன். எதுன்னு மட்டும் எனக்குத் தெரியணும்."

அவள் போன பிறகு அக்கா என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. சாப்பாடு வைத்தாள். அவள் கேட்டுத் திட்டியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

அன்று மாலை நான் தெருவில் நடந்தபோது ஒன்றைக் கவனித்தேன், கவனித்த பிறகு அதை நிறுத்த முடியவில்லை. கடைக்குப் போகிற இரண்டு பெண்கள், பேசிக்கொண்டு வரும் இரண்டு கிழவர்கள், யாராக இருந்தாலும் அவர்களுக்கு நடுவில் எவ்வளவு இடம் இருக்கிறது என்றே என் கண் அளந்தது. என் பக்கத்திலும் பார்த்துக்கொண்டேன். எதிரில் வந்த ஒரு மனிதர் நடைபாதையில் எனக்கு வழி விடும்போது தேவைக்கு அதிகமாக ஒதுங்கினார், இரண்டு பேருக்கு ஒதுங்குகிற மாதிரி. நான் அதற்குப் பிறகு தலையைத் தூக்காமல் அறைக்கு வந்து சேர்ந்தேன்.

வியாழக்கிழமை கடைசிக் காட்சி. சங்கு ஊதியதும் எல்லோரும் கிடங்குக்குள் வந்தார்கள். மேலாளர் முன்னால் நாற்காலியில் உட்கார்ந்தார். அவள் அதே சுவரோரம். வெளியே நல்ல வெயில் இருந்தது, கறுப்புத் துணியின் ஓட்டைகளில் அங்கங்கே வெளிச்சம் குத்திக்கொண்டிருந்தது. சந்தைப் படம், ரயில் படம் எல்லாம் முடிந்து ஆலை வாசல் வந்தது. அத்தான் கைப்பிடியை எப்போதையும்விட மெதுவாகச் சுற்றினார். ஏன் என்று அவரிடம் நான் கடைசிவரை கேட்கவில்லை. ஆட்கள் தண்ணீருக்குள் நடப்பது போல வந்தார்கள். எண்ணெய்க்காரர் வாசலைத் தாண்டி, நின்று, என்னைப் பார்த்தார். வாய் திறக்க வெகுநேரம் ஆயிற்று. கிடங்கு முழுவதும் மூச்சை இழுத்துக்கொண்டது.

அவர்கள் தொடங்குவதற்கு முன்னால் நான் குழலை வாயில் வைத்துக் கத்தினேன். நிறுத்துங்கள், அவர் சொன்னது அது இல்லை என்றேன். என் குரல் எனக்கே யாருடையதோ போல இருந்தது. அது நான் சிரிப்புக்காக வைத்த வசனம், முழுப் பொய், அவர் உண்மையில் சொன்னதை என் இரண்டு காதாலும் கேட்டேன் என்றேன். பிறகு குழலைக் கீழே வைத்துவிட்டு, அவள் இருந்த பக்கமாகத் திரும்பி, என் சொந்தக் குரலில் சொன்னேன்.

"'நேரமாச்சுங்க, அவ எனக்காகச் சாப்பிடாம காத்துக்கிட்டிருப்பா, என்னை விடுங்க.' இதுதாம்மா அவரு சொன்னது. நான்தான் கையப் பிடிச்சு உள்ள அனுப்பினேன்."

யந்திரத்தின் கடகடப்பு மட்டும் கேட்டது. நிறுத்தினால் பொசுங்கிவிடும் என்பதால் அத்தான் சுற்றிக்கொண்டே இருந்தார். ஒட்டு தாண்டியது. கதவு மறுபடி திறந்தது. நான் திரைக்குப் பக்கத்தில் போய், கையை நீட்டி, இதோ இந்த இடத்தைப் பாருங்கள் என்றேன். நெட்டையரும் குட்டையரும் நடந்து வந்தார்கள், நடுவில் அந்தக் காலி இடமும் வந்தது. அத்தனை பேரும் அதைப் பார்த்தார்கள். திரையில் நெட்டையர் அதன் பக்கம் சாய்ந்து பேசினார்.

கூட்டத்திலிருந்து நெட்டையர் எழுந்தார். பாய்லர் முற்றத்தில் பின்னாலிருந்து, வருகிறேன் நீங்கள் போங்கள் என்று அவன் குரல் கேட்டது, ஆவி அடித்ததால் ஆளைப் பார்க்கவில்லை, கூடவே வருகிறான் என்று நினைத்து இடம் விட்டு நடந்தேன் என்றார். வெளியே வந்து பார்த்தால் ஆள் இல்லை. ஞாயிற்றுக்கிழமை படத்தில் அந்த வசனத்தைக் கேட்டபோது, சரி, அவன் ஏதோ முடிவெடுத்துப் போயிருக்கிறான், சிநேகிதனை நாம் காட்டிக்கொடுக்கக் கூடாது என்று சும்மா இருந்துவிட்டேன் என்றார்.

மேலாளர் எழுந்து, படம் பார்க்க வந்த இடத்தில் இது என்ன பேச்சு என்று அதட்டினார். யாரும் அவரைப் பார்க்கவில்லை. எல்லோரும் பின்பக்கம் திரும்பிக்கொண்டிருந்தார்கள். அங்கே பாய்லர்காரர் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். அவர் அதிகம் பேசுகிற ஆள் இல்லை. சனிக்கிழமை அரைநாளில் பாய்லரைக் காலி செய்து, கொதிக்கிற தண்ணீரை முற்றத்துக் குழியில் விடுவது வழக்கம், குழியின் மேல் நடக்கப் பலகை போட்டிருக்கும், அதில் ஒரு நாளைக்கு நான் ஒருத்தன்தான் நடப்பேன் என்றார். அன்றைக்கு முந்நூறு பேர் நடந்தார்கள் என்றார்.

"எல்லாரும் போனப்புறம் பாத்தா நடுப் பலகை ஒண்ணக் காணோம். எவனோ விறகுக்குத் தூக்கிட்டுப் போயிட்டான்னு நெனச்சேன். நான்தான் புதுப் பலகை போட்டு மூடினேன்."

முதலில் யார் எழுந்தார்கள் என்று தெரியவில்லை. கதவைத் திறந்ததும் வெயில் கிடங்கு முழுவதும் கொட்டியது, திரையில் இருந்தவர்கள் வெளுத்துப் போனார்கள். முந்நூறு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் வெளியே ஓடினார்கள். அதே ஆட்கள் திரையில், வெளிச்சத்தில் பாதி அழிந்து, சிரித்துக்கொண்டே வாசலைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தார்கள். முற்றத்தில் குழியின் பலகைகளைப் புரட்டும் சத்தம் கேட்கத் தொடங்கியது.

அவள் மட்டும் உட்கார்ந்த இடத்திலேயே இருந்தாள். நான் அவள் முன்னால் போய்த் தரையில் உட்கார்ந்தேன். என்னை அடித்தால்கூட நல்லது என்று இருந்தது. ஐந்து நாள் அந்த மனிதரை வாயில்லாதவராகக் கிடத்திவிட்டு, அவர் சொல்லாததையெல்லாம் சொல்லியிருக்கிறேன். அப்படிச் சொல்ல நினைத்தேன். மன்னித்துவிடம்மா, அவர் மனதில் அன்றைக்கு உன்னைத் தவிர வேறு எதுவுமே இல்லை, அவர் கடைசியாக நினைத்தது என்று ஆரம்பித்தேன்.

அவள் கையை உயர்த்தி என்னை நிறுத்தினாள்.

"போதும் அண்ணே. இனிமே அவருக்காக நீங்க பேசாதீங்க."

முந்தானையை உதறிக்கொண்டு எழுந்தாள். முற்றத்துப் பக்கம் போனாள். அங்கே சத்தம் நின்றுவிட்டிருந்தது. கூட்டம் இரண்டாகப் பிரிந்து அவளுக்கு வழி விட்டது.